சாராயக் குத்தகையும் இலங்கைச் செல்வரும்

சந்தியிலே தவறணை நிற்கக் கண்டால் அங்கே நுழைபவனை ஏசுகின்றோம், விற்பவனையும் ஏசுகின்றோம். அத் தவறணையை அவ்விடத்தில் நாட்டியவர் யார் என்று விசாரிப்போர் மிகச் சிலரே. மதுவிலக்குப் பற்றிப் பேசும் நமது வாலிபர் இச் சரித்திரத்தையும் அறிந்து கொள்ளுதல் நன்று.

கள்ளும் சாராயமும் இந்நாட்டிற்குப் புதியன அல்ல. கள்ளுண்ணாமை என்று தனி அதிகாரமே வள்ளுவர் வகுக்க வேண்டியிருந்ததென்றால், குடி எவ்வளவு பழையது என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. ஆயின் குடியை அரசாங்க வருமானமாக்கியது அந்நியர் ஆட்சியே. ஒல்லாந்தர் தம் வசமிருந்த கரையோரப் பகுதிகளிற் சாராயம் விற்கும் உரிமையைக் குத்தகைக்கு விட்டனர். 1796இல் அவ்விடங்களைக் கைப்பற்றிய ஆங்கிலேயர் அம்முறையைக் கைவிடவில்லை. 1815இல் கண்டி இராச்சியம் அவர்கள் கைக்கு வந்தபின் அது மலைநாட்டிலும் பரவியது.

அம்முறை நடந்த விதம் கவனிக்கத்தக்கது. ஒரு பகுதியிற் சாராயம் சில்லறையாக விற்கும் ஏகபோக உரிமை கச்சேரியில் ஏலம் போடப்படும். கூடிய தொகை கேட்டவர் குத்தகைக்காரர். அவர் காணி பூமிகளைப் பிணையாக வைத்து, குத்தகைப் பணத்தைத் தவணை முறையிற் கட்ட வேண்டும். பின் அவர் தம் உரிமையைத் துண்டு துண்டாக்கிச் சிறு குத்தகைக்காரருக்கு விடுவார். அவர்கள் தவறணைக்காரருக்கு விடுவர். இப்படிக் கைமாறும் ஒவ்வொரு படியிலும் ஒருவருக்கு இலாபம் வேண்டும். அத்தனை இலாபமும், அதற்கு மேல் அரசாங்கத்தின் பங்கும், கடைசியிற் குடிப்பவனுடைய சில்லறைக் காசிலிருந்தே வர வேண்டும். ஏலத்திற் கேட்ட தொகை ஏற ஏற விற்பனையும் ஏறினாலன்றிக் குத்தகைக்காரர் தப்ப முடியாது. தண்ணீர் கலந்த சாராயமும் களவுத் தவறணையும் தோன்றியது வியப்பன்று. குத்தகைக்காரரும் இலேசானவர் அல்லர். ஏலத்திற்கு முன்னரே தமக்குள் ஒன்றுகூடி விலையைத் தாழ்த்திக் கேட்பதும் உண்டு. அரசினருக்கோ, அதிக உத்தியோகத்தரை வைக்காமலே பெருந்தொகை வந்து சேர்ந்தது. குடியைக் குறைக்க அவர்களுக்கு என்ன அவசரம்?

தென்னங்கள்ளிலிருந்து சாராயம் வடிக்கும் தொழில் களுத்துறை, பாணந்துறைப் பக்கங்களிற் செழித்திருந்தது. 1830களின் பின் மலைநாட்டிற் கோப்பித் தோட்டங்கள் பெருகவே சாராயப் பீப்பாய் ஏற்றிய வண்டிகள் அங்கும் ஏறின. தென்னிந்தியாவிலிருந்து வந்த நம் தமிழ்த் தொழிலாளர், கங்காணியின் கடனும் பிந்திக் கிடைக்கும் சம்பளமுமாக அத் தோட்டங்களில் உழன்றனர். அவர்கள் நடந்து போகும் தெருவோரமெல்லாம் தவறணைகள் எழுந்தன. கோப்பிக்கு 1869இல் நோய் கண்டு, பின்னர் அப்பயிரே அழிந்தது, தேயிலை வந்தது. தவறணை மாத்திரம் அழியவில்லை.

மொறட்டுவையைச் சேர்ந்த ஜெரோனிஸ் டி சொய்சா குத்தகையிலும் கோப்பியிலும் பெருஞ் செல்வம் திரட்டினார். அவர் மகன் சார்ள்ஸ் ஹென்றி டி சொய்சா 1870இல் எடின்பரோக் கோமகனைக் கொள்ளுப்பிட்டியில் விருந்துக்கு அழைக்குமளவு உயர்ந்தார். கொழும்பிலே பிரசவ வைத்தியசாலை, மொறட்டுவையிலே கல்லூரி என அவர் செய்த தருமங்களும் பெரியன. இத்தகைய செல்வரை வெறுமனே பழிப்பது நியாயமன்று. ஆங்கிலேய வங்கிகள் சுதேசிகளுக்கு எளிதிற் கடன் கொடாத காலம் அது. செட்டியார் தெருவிலே வட்டிக்கு வாங்கலாம். அல்லது குத்தகை எடுக்கலாம். கைமுதல் சேர்ப்பதற்கு வேறு வழிகள் குறைவு. ஆயினும் வைத்தியசாலைக் கல்லிலே தருமவானின் பெயர் இருக்கிறது. அக்காசைத் தவறணையிற் கொட்டியவன் பெயர் எங்குமில்லை.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திற் சிங்கள ஊர்களில் மதுவிலக்கு இயக்கம் கிளம்பியது. 1912இற் புதிய கலால் சட்டம் வந்து, கள்ளுத் தவறணைகளைத் தனியாக நிறுவ அரசினர் முற்பட்டபோது அவ்வியக்கம் மறுபடியும் மூண்டது. பழைய பெருங் குத்தகை முறை போய், 1913இற் கலால் திணைக்களம் வந்தது. குத்தகையாற் செழித்த குடும்பங்களின் வழிவந்தோர் சிலரே மதுவிலக்கு மேடைகளிலும் ஏறினர்! 1915 கலவரத்தின்போது அவ்வியக்கத் தலைவர்கள் பலரை ஆங்கிலேயர் சிறையிலிட்டனர்.

யாழ்ப்பாணத்தின் கதை வேறு. இங்கு பனையே கற்பகதரு. தென்னிலங்கையிற் போன்ற பெருங் குத்தகைச் செல்வர் இங்கு தோன்றவில்லை. ஊரவர் வாக்கெடுத்துத் தவறணையை மூடலாம் என்ற விதி வந்தபின், 1920களில் நம் ஊர்கள் பலவற்றில் அவை மூடப்பட்டன. 1927 நவம்பரிற் காந்தியடிகள் யாழ்ப்பாணம் வந்தபோது மதுவிலக்குப் பற்றியும் பேசினார். அம்முயற்சி நம் பெரியோருக்குப் பெருமையே. ஆனால் ஒன்றை அவர்கள் போதிய அளவு யோசிக்கவில்லை என்பது என் எண்ணம். தெற்கிலே குத்தகைக்காரர் தம் முதலைத் தென்னந் தோட்டத்திலும் இறப்பரிலும் போட்டுத் தப்பினார். தளநாரும் பாளைக்கத்தியுமே முதலாகக் கொண்ட நம் சீவல் தொழிலாளி எதிலே போடுவான்? ஊர் வாக்களித்தது, அவன் பிழைப்புக்கு ஊர் வழி சொல்லவில்லை. கள்ளிறக்குதல் மறைவிலே நடந்தது, தண்டனையும் அவனுக்கே. 1972இற் பனை தென்னை வளக் கூட்டுறவுச் சங்கங்கள் அமைந்த பின்னர்தான், அத் தொழிலாளர் தாம் இறக்கிய கள்ளைத் தம் சங்கத்தின் வழியாகவே விற்கத் தொடங்கினர்.