கடன் ஒருவருக்கு, காணி இன்னொருவருக்கு

மடத்துவெளியில் படிப்பித்த காலத்தில் ஓரம்மா கையில் ஒரு கடதாசியோடு வந்தார். "சேர், கடன் பட்டது அண்ணன். அப்பு எனக்குச் சீதனமெண்டு தந்த வளவிலை முப்பது வருசமா இருக்கிறன். அதை ஏலம் போடப் போகினமாம். என்ர வளவை என்னெண்டு விக்கிறது?" கேட்டுப் பார்த்தால் உறுதி இன்னும் அப்புவின் பெயரில்தான் கிடந்தது.

கேள்வி பழையது. 1707இல் ஒல்லாந்தருக்காகக் கிளாஸ் ஐசாக்ஸ் தொகுத்த தேசவழமை சொத்தை முதுசம், சீதனம், தேடியதேட்டம் எனப் பிரித்தது. ஆங்கிலேயர் 1806இல் அதற்குச் சட்ட வலுக் கொடுத்தனர். மனைவியின் தனிச்சொத்து கணவனின் கடனுக்குப் பொதுவாகப் பொறுப்பாகாது என்றது 1911இன் யாழ்ப்பாணத் திருமண உரிமைச் சட்டம். அந்தச் சொத்தைப் பராமரிக்கவும் திருத்தவும் பட்ட கடன் போன்றவை விலக்கு. நம்மவர் மத்தியிலும் மனைவியின் பொருள் மனைவிக்கே உரியது. கணவனுக்குக் கடன் கொடுத்தவர் அதில் கை வைக்க முடியாது.

ஆனால் உரிமை இருந்தால் மட்டும் போதாது, அதைக் காட்டவும் வேண்டும். 1840இன் மோசடித் தடுப்புச் சட்டம் காணிக் கைமாற்றத்துக்கு நொத்தாரிசு உறுதியும் இரண்டு சாட்சிகளும் கேட்டது. வாய்ச்சொல்லாய்த் தந்த சீதனம் அங்கேயே தடுக்கி விழுந்தது.

1889இன் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை ஒரு வழி வைத்தது. பிஸ்கால் காணியைக் கைப்பற்றும்போது காணியிலோ அதன் அருகிலோ பறையடித்து அறிவிக்க வேண்டும். மூன்றாமவர் "இது என்னுடையது" என்று உரித்துக் கோரினால் பிஸ்கால் அதை நீதிமன்றத்துக்கு அறிவிப்பார். நீதிமன்றம் சுருக்கமாக விசாரிக்கும். அங்கே முதலில் பார்ப்பது, கைப்பற்றிய நாளில் காணி யார் கையில் இருந்தது, கோருபவருக்கு அதில் ஏதேனும் நலன் உண்டா என்பதே. கட்டளை எதிராக வந்தால் 14 நாளுக்குள் தனி வழக்குத் தொடர வேண்டும். இல்லையேல் அந்தக் கட்டளையே முடிவு. முப்பது வருசம் குந்தியிருந்த அந்த அம்மாவுக்கு ஆட்சியைக் காட்ட வழி இருந்தது. உரித்து யாருக்கு என்பது அதற்குப் பிறகான வழக்கு.

கவனியுங்கள், பறையும் ஆட்சியும் 14 நாளும் ஊரில் இருப்பவருக்கே உதவும். 1990 ஒக்டோபர் 30இல் யாழ்ப்பாண நகர முஸ்லிம்கள் இரண்டு மணி நேரத்துக்குள் வெளியேற்றப்பட்டார்கள். புத்தளத்தில் கொட்டிலில் இருந்தவர் காதில் சோனகத்தெருவின் பறை எப்படி விழும்? தீவுப் பகுதித் தமிழரும் அந்தக் காலத்தில்தான் வீடு விட்டு ஓடினார்கள். காணி யார் கையில் என்று கேட்டால் இவர்கள் யாராலும் "என் கையில்" என்று சொல்ல முடியாது.

சட்டம் முழுதாய்க் கைவிட்டது என்றும் சொல்லக் கூடாது. பிஸ்கால் விற்பது கடனாளிக்கு இருந்த உரித்தை மட்டுமே. இல்லாத உரித்தை ஏலம் உண்டாக்காது. ஆகவே உரித்துக் கோராதிருந்த உண்மைச் சொந்தக்காரர் பிறகும் வழக்காடலாம். ஆனால் வாங்கியவர் பத்து ஆண்டு எதிரிடையாக ஆண்டுவிட்டால் 1871இன் ஆட்சியுரிமைச் சட்டம் குறுக்கே வரும். 2016இன் 5ஆம் இலக்கச் சட்டம் இதற்குத்தான் வந்தது: 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை ஆயுதக் குழுவின் செயலால் வழக்காட முடியாதிருந்தவருக்கு அந்தக் காலம் கணக்கில் சேராது. ஆனால் சட்டம் நடைமுறைக்கு வந்து இரண்டு ஆண்டுக்குள் வழக்கு வைக்க வேண்டும் என்றது. அந்தத் தவணையும் முடிந்துவிட்டது.

அந்த அம்மாவிடம் நான் அன்று சொன்னது இவ்வளவுதான்: "அம்மா, இந்தக் கடதாசியைப் பெட்டிக்குள் வைக்காதீங்கோ. நாளைக்கே சட்டத்தரணியிட்டைக் கொண்டு போங்கோ." நம் வீடுகளுக்கும் அதையே சொல்கிறேன். மகளுக்குத் தரும் வீட்டை வாயால் தராமல் உறுதியாய் எழுதிப் பதியுங்கள். ஊரில் இல்லாதவர், காணி வாசலில் ஒரு கடதாசி ஒட்டினால் சொல்லக்கூடிய ஒருவரை அங்கே வைத்திருங்கள்.