ஸர் ஹியூ லோவும் பேராக்குத் தமிழரும்

ஈப்போ நகரில் இன்று சுல்தான் இஸ்கந்தர் சாலை என வழங்கும் பெருவீதிக்கு முன்னாளில் ஹியூ லோ வீதி என்று பெயர். பெயரை அறிந்த முதியோர் நம்மிடையே உளர். பெயருக்குரியவரை அறிந்தோர் மிகச் சிலரே. நம்மவர் இந்நாட்டிற்கு வந்த வரலாற்றோடு அவர் வாழ்க்கை பிணைந்து கிடத்தலின், அதனை ஒருவாறு ஆராய்வோம்.

1824-ல் இங்கிலாந்தில், செடிகொடிகளை வளர்த்து விற்கும் தொழிலுடைய குடும்பத்திற் பிறந்தவர் லோ. சுமார் இருபதாம் வயதில் அரிய செடிகளைத் தேடிப் போர்னியோவுக்குச் சென்றார். சரவாக்கை ஆண்ட ஜேம்ஸ் புரூக்கின் நட்பைப் பெற்றார். 1848-ல் லாபுவான் தீவில் ஆங்கில அரசாங்க உத்தியோகத்தில் அமர்ந்து, ஏறக்குறைய முப்பது வருஷம் அச்சிறு தீவிலேயே கழித்தார். 1851-ல் அவர் ஏறிய கினபாலு மலையின் சிகரம் இன்றும் அவர் பெயரையே தாங்கி நிற்கின்றது.

பேராக்கின் முதல் ரெஸிடெண்டாகிய பர்ச்சு என்பவர், நாட்டு வழக்கங்களை மதியாது வரிமுறையையும் அடிமை முறையையும் ஒரே மூச்சில் மாற்ற முற்பட்டு, 1875 நவம்பர் 2-ல் பாசிர் சாலாக்கில் கொலையுண்டார். அதன்பின் நேர்ந்த யுத்தத்தால் நாடு சுமார் 8 லட்சம் டாலர் கடனில் மூழ்கியது. இந்நிலையிலேதான் 1877-ல் லோ ரெஸிடெண்டாக வந்தார்.

மலாய் மொழியை நன்கறிந்த அவர் அதிகாரத்தைக் காட்டிலும் இணக்கத்தையே நம்பினார். மலாய்த் தலைவர்களும் சீனர் தலைவர் இருவரும் அமர்ந்த ஆலோசனை சபையொன்றை நிறுவினார். வரி வருவாயில் தலைவர்களுக்கும் பங்களித்து அவர்தம் பகைமையைத் தணித்தார். கடனுக்காக மனிதரை அடிமையாக்கும் வழக்கத்தை, உடையவர்களுக்கு ஈடு கொடுத்து, 1883-ன் முடிவில் ஒழித்தார். 1885-ல் தைப்பிங்கிலிருந்து போர்ட் வெல்டு வரை மலாயாவின் முதல் ரயில் ஓடியது. 1889-ல் அவர் விலகியபோது கடன் நீங்கிப் பொக்கிஷத்தில் மிச்சமும் இருந்தது. இவற்றையெல்லாம் மறைத்தல் நியாயமன்று.

ஆனால் 1877-ம் வருஷத்தை நாம் வேறொரு காரணத்திற்காகவும் நினைத்தல் வேண்டும். பிரேசில் தேசத்து விதையிலிருந்து கியூ தோட்டத்தில் முளைப்பித்த ரப்பர்க் கன்றுகள் 22 அவ்வருஷந்தான் சிங்கப்பூருக்கு வந்தன. அவற்றுட் சில லோவின் கோலகங்சார் இல்லத் தோட்டத்தில் நடப்பட்டன. அதே வருஷத்தில் சென்னை மாகாணத்தைப் பெரும் பஞ்சம் வாட்டிக்கொண்டிருந்தது. இங்கே மரம் வேரூன்றியது. அங்கே மனிதர் வேரற்றுக் கொண்டிருந்தனர்.

கடனடிமையை ஒழித்த அதே ஆட்சியின் கீழேயே கிரியான் கரும்புத் தோட்டங்களில் தமிழ்க் கூலிகள் ஒப்பந்தத்தால் கட்டுண்டு உழைத்தனர். கப்பற் செலவு அவர்கள் பேரில் கடனாக எழுதப்பட்டது; தவணைக்குமுன் தோட்டத்தை விட்டோடியவனுக்குச் சிறை காத்திருந்தது. மலாய்க் குடியானவனுக்கு அநீதியென்று தோன்றிய கடன், தமிழ்க் கூலிக்கு மட்டும் ஒப்பந்தமென்று தோன்றியதேன்? ஆலோசனை சபையில் அவனுக்காகப் பேச ஒரு தமிழனும் இல்லை என்பதே நாம் காணும் விடை. ஒப்பந்த முறை ஒழிய 1910 வரையிற் காத்திருக்க வேண்டியதாயிற்று. கங்காணி மூலம் ஆள் பிடிப்பது 1938-ல் இந்திய அரசாங்கத்தின் தடையாலேயே நின்றது.

பழியனைத்தையும் வெள்ளையர் மீதே சுமத்திவிடுதலும் முறையன்று. ஊரிலே குடிக்கும் தண்ணீருக்கும் சாதி பார்த்து, உழைத்தவனுக்கு ஒரு காணி நிலமும் மறுத்த நம் சமூகமன்றோ அவனைக் கப்பலேறச் செய்தது? கங்காணியும் நம்மவனே, கள்ளுக்கடையில் கூலியைத் தொலைத்தவனும் நம்மவனே.

லோ 1905-ல் இத்தாலியில் காலமானார். பேராக்கின் ரப்பர்க் காடுகளிற் பெரும்பகுதி இன்று செம்பனையாகிவிட்டது. லயன் வீடுகளை விட்டு நம்மவர் நகரங்களுக்குப் பெயர்ந்துவிட்டனர். கோலகங்சாரில் மட்டும் அப்பழைய கன்றுகளுள் ஒன்றெனக் கூறப்படும் முதுமரத்தைப் பெயர்ப்பலகையிட்டுப் போற்றி வருகின்றனர். மரத்தை நட்டவருக்குச் சரித்திரம் உண்டு. விடியுமுன் எழுந்து அதற்குக் காம்பு வெட்டியவருக்கு இல்லை. அதனை எழுதுவார் வேறெவருமிலர். தோட்டத்தில் வாழ்ந்த முதியோர் நம்மிடை இருக்கும்போதே, அவர் கூறுவதைக் கேட்டு எழுதிவைப்பது நம் வாலிபர் கடமையாகும்.