ஒஸ்லோவில் வாழும் ஒரு வங்கச் சிற்றூர்



அண்மையில் பியோர்ண்டாலில் ஒரு வீட்டிற்குச் சென்றிருந்தேன். பத்து வயதுச் சிறுவன் ஒருவன், "அம்மம்மாவின் ஊர் எப்படி இருக்கும்?" என்று கேட்டான். அருகிலிருந்த அம்மம்மா, "சொல்லி முடியுமோ, சுவாமி?" என்று என்னைப் பார்த்துச் சிரித்தார். அந்த வினாவுக்கு மறுமொழி தேடிய வேளையில், நம் நகரத்தோடு தொடர்புடைய ஒரு பழைய வரலாறு நினைவுக்கு வந்தது. அதை உங்களோடு பகிர்ந்துகொள்ள விழைகிறேன்.

லில்லஹாமருக்கு அருகில் 1840இல் பிறந்தவர் லார்ஸ் ஊல்சன் ஸ்க்ரெஃப்ஸ்ரூட். இளமையில் களவுக் குற்றத்திற்காகச் சிறை சென்றவர். சிறையிலேயே பிறமொழிகளைக் கற்றவர். பின்னர் லூத்தரன் மறைப்பணியாளராக இந்தியா சென்று, டென்மார்க்கைச் சேர்ந்த பெர்ரசனுடன் இணைந்து 1867இல் பெனாகாரியா என்னும் சிற்றூரில் குடியேறினார். அவ்வூர் அன்று வங்க மாகாணத்திற்கு உட்பட்ட சந்தால் பர்கானாவில் இருந்தது. இன்று அது வங்க எல்லையை ஒட்டிய ஜார்கண்ட் மாநிலத்தின் தும்கா மாவட்டத்தைச் சேர்ந்தது.

அந்நிலத்தைச் சற்று மனக்கண்ணில் காணுங்கள். வங்கம் என்றதும் நாம் நினைக்கும் ஆறுகளும் சேற்று வயல்களும் அங்கில்லை. சிவந்த சரளை மண். அலையலையாக ஏறி இறங்கும் மேட்டுநிலம். இடையிடையே சால மரக்காடு. மேடுகளுக்கு இடைப்பட்ட பள்ளங்களில் வரப்புக் கட்டி, மழைநீரைத் தேக்கி நெல் விளைப்பர். பருவமழை பொய்த்தால் அவ்வாண்டு பசிதான். வீட்டை ஒட்டிய வளவில் சோளமும் கடுகும் பயிராகும். இளவேனிலில் நம் இலுப்பையின் இனமான மஹுவா மரத்தின் பூக்களைப் பெண்கள் விடியுமுன் பொறுக்குவர்; பஞ்ச காலத்தில் அப்பூவே உணவு.

சந்தால் ஊரின் அமைப்பும் ஒழுங்கானது. ஊருக்கு ஒரே நெடுந்தெரு. அதன் பெயர் குல்ஹி. இருமருங்கிலும் மெழுகிய மண்சுவர் வீடுகள். ஊர்த்தலைவரான மாஞ்சியின் வீட்டு முன்றிலில் ஊரை நிறுவிய முதல் தலைவரின் நினைவாக ஒரு சிறு மேடை இருக்கும். வழக்கைத் தீர்ப்பதும் திருமணத்திற்கு இசைவு தருவதும் அங்கு கூடும் ஊரவையே. தலைவருக்குத் துணையாகப் பராணிக்கும், இளையோரின் நடத்தையைக் கவனிக்கும் ஜோக் மாஞ்சியும், செய்தி சொல்லும் கோடெத்தும் உண்டு. ஊரின் ஓரத்தில் சால மரங்கள் சூழ்ந்த ஜாஹேர் என்னும் புனிதச் சோலை. அதில் எவரும் மரம் வெட்டுவதில்லை.

இந்த அமைதிக்குப் பின்னே பெருந்துயர் ஒன்று இருந்தது. காட்டைத் திருத்தி வயலாக்கிய அம்மக்களிடமிருந்து வட்டிக்காரரும் நிலக்கிழாரும் நிலத்தைப் பறித்தனர். 1855 யூன் 30 அன்று போக்னாதி என்னும் ஊரில் சித்து, கானு என்னும் உடன்பிறப்புகள் தலைமையில் சந்தால் மக்கள் கிளர்ந்தெழுந்தனர். ஆங்கிலப் படை அவர்களை ஒடுக்கியது, ஆயிரக்கணக்கானோர் மாண்டனர். ஸ்க்ரெஃப்ஸ்ரூட் சென்றபோது அந்தக் காயம் ஆறியிருக்கவில்லை.

1870–71 காலத்தில் கொலெயான் என்னும் முதிய குருவிடம் அமர்ந்து, அவர் சொன்ன மரபுகளைச் சந்தாலி மொழியிலேயே ஸ்க்ரெஃப்ஸ்ரூட் எழுதிக்கொண்டார். 1887இல் அது நூலாக வெளிவந்தது. அதில் என்னை நிறுத்தி வைத்த பகுதி ஒன்றுண்டு. தம் முன்னோர் விட்டு வந்த இடங்களைக் கொலெயான் வரிசையாகச் சொல்கிறார்: ஹிஹிரி பிபிரி, சாசாங் பேடா, சம்பா... இவை எங்கிருந்தன என்று எந்த நிலப்படத்தாலும் உறுதியாகக் காட்ட இயலாது. ஆயினும் அம்மக்கள் அப்பெயர்களைத் தலைமுறை தலைமுறையாக மறவாது வைத்திருந்தனர்.

யோவிக் நகரில் பிறந்த பவுல் ஊலாஃப் பொட்டிங் 1890இல் அங்குச் சென்று இப்பணியைத் தொடர்ந்தார். அவருடைய சந்தாலி அகராதி 1929 முதல் 1936 வரை ஐந்து தொகுதிகளாக நம் ஒஸ்லோவிலேயே வெளிவந்தது. அவர் திரட்டிய பொருட்கள் பல இந்நகர அருங்காட்சியகத்தைச் சேர்ந்தன. கையெழுத்துப் படிகளும் இங்கே காக்கப்படுகின்றன. ஒன்றை மறைக்கலாகாது: எழுதியவர்கள் வேற்றுநாட்டார், மதம் மாற்றச் சென்றவர்கள், தாம் விரும்பியதையே கூடுதலாகக் கேட்டிருக்கவும் கூடும். எனினும் கொலெயான் வாய் திறந்திராவிடில் அவர்களால் எதையும் எழுதியிருக்க முடியாது.

இப்போது நம்மிடம் வருவோம். 1990இல் வலிகாமம் வடக்கின் ஊர்கள் ஒன்றன்பின் ஒன்றாக வெறுமையாயின. மயிலிட்டித் துறைமுகப் பகுதி மக்களுக்குத் திரும்பக் கிடைத்தது 2017இல்தான். இடைப்பட்ட 27 ஆண்டுகளில் பற்றை மூடிய ஒழுங்கைகள் எத்தனை! எந்தக் கிணற்று நீர் நன்னீர், எந்தப் பூவரச மரத்தடியில் வலை பின்னினார்கள், எந்த வளவுக்கு என்ன பெயர் என்பன எந்த அகராதியிலும் இல்லை. அவை எழுபதும் எண்பதும் கடந்த நம் மூத்தோரின் நினைவில் மட்டுமே உள்ளன. கடந்த சில ஆண்டுகளில் அவர்களுள் எத்தனை பேரை நாம் அடக்கம் செய்தோம் என்பதை நீங்கள் அறிவீர்கள்.

ஆகவே உங்களிடம் ஒரு வேண்டுகோள். இந்தக் குளிர்கால மாலைகளில் ஒரு தாளை எடுத்து அம்மம்மாவிடமோ அப்பப்பாவிடமோ கொடுங்கள். வீட்டுப் படலையிலிருந்து கோவில் வரை நடந்து செல்லும் வழியை அவர்கள் வரையட்டும். வழியிலுள்ள வீடு, கிணறு, மரம், கடை ஒவ்வொன்றின் பெயரையும் பிள்ளைகள் கேட்டு எழுதட்டும். நோர்வேஜிய மொழியில் எழுதினாலும் குற்றமில்லை. ஊர்ப்பெயர்களை மட்டும் தமிழில் எழுதச் சொல்லுங்கள்.

அந்தச் சிறுவனின் வீட்டில் இப்பணி தொடங்கிவிட்டது. முதல் தாள் போதாமல் இரண்டாவதையும் ஒட்டியிருக்கிறார்கள் என்று அவன் தாயார் சொன்னார்.

அன்புடனும் செபத்துடனும்,
உங்கள் அருட்தந்தை