பாத்திமா பேகம்: படம் இயக்கிய முதற் பெண்மணி

இந்திய நாட்டில் திரைப்படம் இயக்கிய முதற் பெண்மணி யார் என்று நம் இல்லங்களில் வினவினால் விடை கிடைப்பது அரிது. அவர் ஒரு முஸ்லிம் பெண்மணி. பெயர் பாத்திமா பேகம். 1926-ஆம் ஆண்டில் தமக்கெனப் படக் கம்பெனி ஒன்றை நிறுவி, அதே ஆண்டில் ‘புல்புலே பரிஸ்தான்’ என்னும் மௌனப் படத்தைத் தாமே தயாரித்து, தாமே இயக்கினார்.

மதரஸாவில் ஓதியவர்கள் சினிமாவைப் பற்றி எழுதலாமா என்று சிலர் முகஞ்சுளிக்கக் கூடும். படம் ஆகுமா, ஆகாதா என்பது பிக்ஹின் மஸ்அலா. அதனை ஈண்டு நாம் எடுக்கவில்லை. நடந்ததை நடந்தபடி எழுதி வைப்பது வேறொரு கடமை. இப்னு ஸஅத் தமது ‘தபகாத்’ நூலின் இறுதிப் பகுதியைப் பெண்மணிகளுக்கென்றே ஒதுக்கினார். கதீபுல் பக்தாதியும் ‘தாரீக் பக்தாத்’ முடிவில் பெண்களுக்கு இடம் தந்தார். அவரே மக்காவில் கரீமா அம்மையாரிடம் ஸஹீஹுல் புகாரியைப் பாடம் கேட்டவர். ‘ஆண்களின் பெயர்கள்’ எனப் பொருள்படும் அஸ்மாஉர் ரிஜால் கலையிலும் பெண்கள் இருக்கின்றனர்! இம்மரபில் வந்த நாம் பாத்திமா பேகத்தை மட்டும் ஏட்டில் ஏற்றாமல் விட்டது என்ன நியாயம்?

அம்மையார் 1892-இல் உர்து பேசும் குடும்பத்தில் பிறந்தார். முதலில் உர்து நாடக மேடை. பின்னர் 1922-இல் அர்தேஷிர் இரானியின் கம்பெனி எடுத்த ‘வீர அபிமன்யு’ படத்தில் திரைக்கு வந்தார். அக்காலத்தை எண்ணிப் பார்க்க வேண்டும். 1913-இல் வெளியான ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் தாராமதியாக நடிக்கப் பெண் அகப்படாமல், சாளுங்கே என்னும் ஆடவருக்கே சேலை உடுத்தினார்கள். நடிப்பதற்கே பெண் வராத அந்நிலை தோன்றி 13 ஆண்டுகளில், ஒரு பெண் முதல் போட்டுக் கம்பெனி நடத்தி, படப்பிடிப்புத் தளத்தில் நின்று பிறரை இயக்கினார்.

‘புல்புலே பரிஸ்தான்’ தேவதைக் கதை. தந்திரக் காட்சிகள் நிறைந்தது. அவற்றுக்குச் செலவும் மிகுதி. அம்மையாரோ கோஹினூர், இம்பீரியல் முதலிய பிறர் கம்பெனிகளில் நடித்துக்கொண்டே தம் கம்பெனியையும் நடத்தி வந்தார். 1928-இல் அது ‘விக்டோரியா-பாத்மா பிலிம்ஸ்’ எனப் பெயர் மாறிற்று. அவ்வாண்டில் ‘ஹீர் ராஞ்சா’ முதலிய படங்கள் வந்தன. 1929-க்குப் பின் அவர் படம் இயக்கவில்லை. நடிப்பை மட்டும் அடுத்த பத்தாண்டின் பிற்பகுதி வரை தொடர்ந்தார்.

புதல்வியர் சுல்தானா, சுபைதா, ஷஹ்சாதி மூவரும் நடிகையர். 1931-இல் இந்தியாவின் முதல் பேசும் படமான ‘ஆலம் ஆரா’வின் நாயகி சுபைதாவே. தாயைப் பற்றி எழுதுவோர் சச்சின் நவாபை இழுத்து, அவரை மணந்தார் என்று கதை சொல்லத் தவறுவதில்லை. நிகாஹ் நடந்தமைக்குச் சான்றாக எந்தப் பத்திரமும் வெளிவரவில்லை. பிள்ளைகளைத் தம்முடையவர் என நவாப் அறிவித்ததுமில்லை. ஸனது இல்லாத இச்செய்திக்குக் கிடைக்கும் பக்கங்கள், ஐயமற்ற 1926-க்குக் கிடைப்பதில்லை. இது நமக்குச் சினமூட்டுகிறது.

தமிழகத்தில் முதன்முதல் படம் இயக்கிய பெண்மணி டி. பி. ராஜலட்சுமி. 1931-இல் ‘காளிதாஸ்’ நாயகியாக வந்த அவர், ‘மிஸ் கமலா’வை இயக்கியது 1936-இல், பாத்திமா பேகத்துக்குப் பத்தாண்டு பின்னர்.

நாம் வாழும் தளவானூரில் மகேந்திரவர்மப் பல்லவன் குடைவித்த குகைக்கோயில் உண்டு. அதைச் செய்வித்த மன்னன் பெயரை 1,300 ஆண்டுகள் கடந்தும் கல்லில் படிக்கலாம். படச்சுருளுக்கு அந்த ஆயுள் இல்லை. அக்காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றும். பற்றாவிடினும் நாளடைவில் மக்கிப் பொடியாகும். வெள்ளி எடுப்பதற்காக உருக்கப்பட்டவையும் பல. ‘புல்புலே பரிஸ்தான்’ படத்தின் பிரதி ஒன்றும் கிடைக்கவில்லை. ‘ஆலம் ஆரா’வுக்கும் அதே கதிதான்.

பழம் படங்களைத் தேடிக் காப்பதற்கெனப் பூனாவில் தேசியத் திரைப்படக் காப்பகம் தொடங்கப்பட்டது 1964-இல். அம்மையார் மறைந்தது 1983-இல்.