புருவத்தில் ஒரு சிவப்புத் தீற்றல்

நிறுத்தி வைத்த பைக்கின் பக்கக் கண்ணாடியோடு சிட்டுக்குருவி மல்லுக்கட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். ஹேண்டில்பாரில் வந்து உட்காரும். கண்ணாடிக்குள் இன்னொரு குருவி. இந்தப் பக்கம் ஒரு கொத்து, அந்தப் பக்கம் ஒரு கொத்து. அரை மணி நேரம் ஆனாலும் இரண்டும் விட்டுக்கொடுக்காது. அலகு தேய்ந்துவிடுமோ என்று பயந்து நாங்கள் கண்ணாடிக்குப் பழைய சாக்ஸை மாட்டி வைத்தோம். எதிரியைக் காணாமல் குருவி இரண்டு நாள் தேடிவிட்டுப் போனது.

இரண்டு வயதை நெருங்கும் குழந்தையை, கன்னத்தில் திருஷ்டிப் பொட்டோடு, கண்ணாடி முன்னால் நிறுத்துங்கள். விரல் நேராகத் தன் கன்னத்துக்குப் போகும். பொட்டு கலைந்து மை கன்னமெல்லாம் பரவும். அம்மா மறுபடியும் மை டப்பாவைத் தேட வேண்டியதுதான்.

குருவியின் அலகு கண்ணாடிக்குப் போகிறது, குழந்தையின் விரல் தன் முகத்துக்குப் போகிறது. இந்த வித்தியாசம் எல்லா வீட்டிலும் கண்ணெதிரே நடப்பதுதான். இதை வைத்தே ஒரு பிராணியின் மனசுக்குள் 'நான்' இருக்கிறதா என்று கேட்டுப் பார்க்கலாம் என்று தோன்றுவதற்கு மட்டும் 1960கள் வரை ஆனது.

கண்ணாடியைக் காட்டிப் பார்க்கும் ஆசை அதற்கு வெகு முன்பே இருந்தது. 1838இல் லண்டன் மிருகக்காட்சி சாலையில் இரண்டு இளம் ஒராங்குட்டான்கள் முன்னால் டார்வின் ஒரு கண்ணாடியை வைத்தார். அவை வியந்து பார்த்தன. முத்தமிடப் போவதுபோல உதட்டைக் குவித்தன. முகத்தைக் கோணலாக்கின. கண்ணாடிக்குப் பின்னால் கையை விட்டுத் துழாவின, எட்டியும் பார்த்தன. கடைசியில் எரிச்சலாகி முகத்தைத் திருப்பிக்கொண்டன. டார்வின் எல்லாவற்றையும் எழுதி வைத்தார். ஆனால் அந்த உதட்டுக் குவிப்பு எதிரே நிற்கும் வேறொரு குரங்குக்கா, இல்லை தன்னையே பார்த்துப் பண்ணிய சேட்டையா? எப்படி வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளலாம். அதற்கப்புறம் நூறு வருஷத்துக்கு மேல் இந்த விஷயம் அங்கேயே நின்றது.

அதை நகர்த்தியவர் கார்டன் கேலப் என்ற அமெரிக்க உளவியலாளர். பட்ட மேற்படிப்பு மாணவராக இருந்தபோது, வகுப்பில் எல்லோரும் ஒரு பரிசோதனையை யோசித்துக்கொண்டு வர வேண்டும் என்று சொல்லியிருந்தார்கள். ஒரு நாள் கண்ணாடி முன் நின்று முகச்சவரம் செய்துகொண்டிருந்தபோது அவருக்கு அது தோன்றியது. கத்தி எதிரே தெரியும் முகத்தில் ஓடவில்லை, என் முகத்தில் ஓடுகிறது. ஒரு குரங்குக்கு இந்தக் கணக்கு புரியுமா? அதற்கே தெரியாமல் அதன் முகத்தில் ஒரு கறையை வைத்துவிட்டுக் கண்ணாடியைக் காட்டினால், கை எங்கே போகும்?

யோசனை இவ்வளவுதான். நம் வீட்டுப் பாட்டிகள் தினமும் செய்துவந்த பரிசோதனை என்றுகூடச் சொல்லலாம். அவர்கள் குறிப்பெடுக்கவில்லை, அவ்வளவே.

செய்து பார்க்கும் வாய்ப்பு லூசியானாவில் டுலேன் பல்கலைக்கழகத்துக்கு வேலைக்குப் போன பிறகுதான் வந்தது. காட்டில் பிறந்து பிடிபட்ட, இன்னும் பருவத்துக்கு வராத நான்கு சிம்பன்சிகள். ஒவ்வொன்றையும் தனி அறையில் விட்டு, கூண்டுக்கு வெளியே ஆள் உயரக் கண்ணாடியை வைத்தார். தினம் 8 மணி நேரம், 10 நாள். கேலப் தன் உருவம் தெரியாதபடி சற்று மறைந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

முதல் இரண்டு நாள் நம் குருவி கதைதான். உறுமல், மிரட்டல், வம்புக்கு இழுப்பது. மூன்றாம் நாள் வாக்கில் சண்டை ஓய்ந்து, வேறொன்று ஆரம்பித்தது. வாயைத் திறந்து, கண்ணாடியைப் பார்த்துக்கொண்டே பல்லிடுக்கில் சிக்கியதை நோண்டின. தன் கண்ணுக்கு என்றைக்குமே தெரியாத உடம்பின் பாகங்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்தன. எச்சிலில் குமிழி விட்டன. முகத்தை அஷ்டகோணலாக்கி ரசித்தன. சலூன் நாற்காலியில் காத்திருக்கும் பையன்கள் செய்யாத எதையும் அவை செய்யவில்லை.

இதைப் பார்த்ததுமே கேலப்புக்கு விடை தெரிந்திருக்கும். ஆனால் டார்வின் மாட்டிக்கொண்ட இடமும் இதுதானே! 'சும்மா சேஷ்டை' என்று எவரும் தள்ளிவிடலாம். எனவே 11ஆம் நாள் மயக்க மருந்து கொடுத்து, ஒரு பக்கப் புருவ மேட்டிலும் எதிர்ப்பக்கக் காதின் மேல் பாதியிலும் சிவப்புச் சாயத்தைத் தடவினார். காய்ந்துவிட்டால் வாசனை இராது, தோலில் உறுத்தலும் இராது. விழித்த பிறகு முதல் அரை மணி நேரம் கண்ணாடியைக் காட்டவில்லை. அந்த இடங்களை அவை ஏறக்குறையத் தொடவே இல்லை. பிறகு கண்ணாடி உள்ளே வந்தது. கை நேராகப் புருவத்துக்குப் போனது, கண்ணாடிக்கு அல்ல. தொட்ட விரலைக் கண்ணருகே கொண்டுபோய்ப் பார்த்தன, முகர்ந்தும் பார்த்தன. கண்ணாடியே பார்த்தறியாத வேறு சிம்பன்சிகளுக்கும் அதே சாயத்தைத் தடவினார், அவை பொருட்படுத்தவில்லை. வால் குரங்குகளையும் நாள்கணக்கில் கண்ணாடி முன் வைத்துப் பார்த்தார். அவற்றுக்குக் கடைசி வரை எதிரே இருந்தது வேறொரு குரங்குதான்.

1970 ஜனவரியில் 'சயின்ஸ்' இதழில் இரண்டே பக்கத்தில் இது வெளிவந்தது. வேறு எவருக்கும் இவ்வளவு மலிவாக இவ்வளவு பெரிய கேள்வி வசப்பட்டதாக எனக்கு நினைவில்லை. குழந்தைகளின் மூக்கில் சிவப்புப் பூச்சை வைத்து இதே யோசனையைத் தனியாக எட்டியிருந்த பியூலா ஆம்ஸ்டர்டாம், தன் முடிவுகளை 1972இல் வெளியிட்டார். பெயர் என்னவோ கேலப்போடுதான் ஒட்டிக்கொண்டது.

1971இல் கேலப் சொன்ன ஒரு முடிவு எனக்கு மூலக் கட்டுரையைவிடப் பெரிதாகப் படுகிறது. பிறந்ததிலிருந்து மற்ற சிம்பன்சிகளின் முகத்தையே பாராமல் தனியாக வளர்க்கப்பட்டவை, கண்ணாடியில் தன்னை அடையாளம் காணவில்லை. இன்னொரு முகத்தைப் பார்த்து வளராதவர்களுக்குத் தன் முகமும் பிடிபடவில்லை.

அதன்பின் சோதனை ஊர் ஊராகப் போனது. போன இடத்திலெல்லாம் தகராறு. நாய்கள் தேறவில்லை, மூக்கால் உலகத்தை அறியும் பிராணிக்குக் கண்ணாடிக்குள் இருக்கும் வாசனையில்லாத நாய் ஒரு பொருட்டா? கொரில்லாக்களில் பெரும்பாலானவை தேறவில்லை; கண்ணுக்குக் கண் உற்றுப் பார்ப்பது அவற்றிடம் சண்டைக்கு அழைப்பது. கென்யாவின் கிராமங்களில் ஆறு வயது வரையுள்ள குழந்தைகளுக்கு இதையே செய்தபோது, பெரும்பாலோர் முகத்தில் ஒட்டியதைத் தொடாமல் கண்ணாடி முன் உறைந்துபோய் நின்றார்கள். அந்தப் பிள்ளைகளுக்குத் தன்னுணர்வு இல்லை என்று எந்த மடையனும் சொல்ல மாட்டான். சவரம் செய்கிறவரின் கையில் பிறந்த சோதனை இது. முகம்தான் ஆள், அழுக்கு பட்டால் துடைத்தாக வேண்டும் என்ற நம் பழக்கம் அதில் முதலிலிருந்தே கலந்திருக்கிறது.

2008இல் ஜெர்மனியில் மேக்பை பறவைகளின் கழுத்தடியில் வண்ண ஸ்டிக்கர் ஒட்டினார்கள். கிட்டத்தட்ட ஸ்டிக்கர் பொட்டுதான். சில பறவைகள் கண்ணாடியைப் பார்த்துக் காலால் அதைச் சொறிந்து எடுத்தன; கறுப்பு இறகோடு கலந்துவிடும் கறுப்பு ஸ்டிக்கரைச் சட்டை செய்யவில்லை. 2019இல் ஜப்பானின் கோதாவும் சகாக்களும் விரல் நீளமே உள்ள ஒரு மீனுக்குத் தொண்டையில் பழுப்புப் புள்ளி வைத்தார்கள். பெரிய மீன்களின் ஒட்டுண்ணிகளைப் பொறுக்கித் தின்று பிழைக்கும் மீன் அது. கண்ணாடியைப் பார்த்தபின் தொண்டையைத் தரையில் உரசியது. உடனே சோதனையே சரியா என்று கேள்வி கிளம்பியது. சிம்பன்சி தேறியபோது சோதனையில் கோளாறு தேடாதவர்கள்கூட மீன் தேறியதும் தேட ஆரம்பித்தார்கள். கேலப்பும் ஏற்கவில்லை, ஒட்டுண்ணி போன்ற புள்ளி என்பதால்தான் மீன் கவனித்தது என்றார். இருக்கலாம். ஆனால் மீனுக்கு எது முக்கியமோ அதைத்தானே மீன் பார்க்கும்?

யானையின் கதை எல்லாவற்றையும்விட நீளம். 1980களில் சின்னக் கண்ணாடியைக் கூண்டுக்கு வெளியே வைத்துப் பார்த்து, யானை தேறவில்லை என்று எழுதிவிட்டார்கள். 2005இல் நியூயார்க்கின் பிராங்க்ஸ் மிருகக்காட்சி சாலையில் யானைக்கு ஏற்றபடி, தொடவும் பின்னால் எட்டிப் பார்க்கவும் வசதியாக, 8 அடிக்கு 8 அடிக் கண்ணாடியை உள்ளேயே நிறுத்தினார்கள். மேக்ஸின், பேட்டி, ஹேப்பி என்று மூன்று ஆசிய யானைகள். நெற்றியின் ஒரு பக்கம் வெள்ளையில் பெருக்கல் குறி, மறுபக்கம் கண்ணுக்குத் தெரியாத பூச்சு. மேக்ஸினும் பேட்டியும் குறியைச் சட்டை செய்யவில்லை. உடம்பெல்லாம் மண்ணை வாரிப் போட்டுக்கொள்ளும் பிராணிக்கு நெற்றியில் ஒரு கோடு பெரிய விஷயமா என்ன? ஹேப்பி மட்டும் கண்ணாடியைப் பார்த்தபடி துதிக்கையை நெற்றிக்குக் கொண்டுபோய், வெள்ளைக் குறியைத் திரும்பத் திரும்பத் தொட்டாள்.

அந்தத் துதிக்கைத் தொடல் பிறகு நீதிமன்றம் வரை போனது. தன்னைத் தான் அறிந்தவளை அடைத்து வைப்பது சட்டவிரோதக் காவல் என்று அவள் சார்பில் ஆட்கொணர்வு மனு போட்டார்கள். 2022 ஜூனில் நியூயார்க்கின் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் 5க்கு 2 என்ற கணக்கில் அதைத் தள்ளுபடி செய்தது. ஆட்கொணர்வு மனிதருக்கே என்பது தீர்ப்பு. தோழி கிரம்பி 2002இலேயே இறந்துவிட்டாள். அடுத்து வந்த துணையும் 2006இல் போனபின் ஹேப்பி தனியாகவே வைக்கப்பட்டிருந்தாள். தீர்ப்பு வந்தபோதும் பிராங்க்ஸில் அவளுக்கும் பேட்டிக்கும் நடுவே வேலி இருந்தது. துதிக்கையை நீட்டினால் ஒருவரையொருவர் தொட்டுக்கொள்ள முடிந்தது.