பூனைக்கு இரண்டு பெயர்

ஜேர்மன் பதுங்குகுழியில அந்தப் பூனைக்குப் பெயர் பீலிக்ஸ். பிரெஞ்சுக்காரரிட்டப் போனா நெஸ்டர். இரண்டு பக்கமும் தங்கட பூனை எண்டுதான் நினைச்சுக்கொண்டிருக்கு. கிறிஸ்டியான் காரியோன் இயக்கி 2005இல் வந்த 'ஜுவாயூ நோயெல்' படத்தில் வருகிற விஷயம் இது. பிரெஞ்சு, ஜேர்மன், ஆங்கிலம் மூன்றும் அதில் பேசப்படுகின்றன. எல்லாரும் ஒரே மொழி பேசுற டப்பிங்கில் பார்த்தால் பூனைக் கதை வெறும் பகிடியாகப் போய்விடும்.

படம் சொல்வது 1914ஆம் ஆண்டு நத்தாரின் கதை. ஓகஸ்டில் போர் தொடங்கியபோது, நத்தாருக்குள்ள முடிஞ்சிடும் எண்டு பலர் நம்பினார்கள். டிசெம்பரில் வடகடலிலிருந்து சுவிற்சர்லாந்து எல்லை வரை பதுங்குகுழிகள்தான் இருந்தன. டிசெம்பர் 24 இரவு, பெல்ஜியத்தின் ஈப்பர் நகரை அண்டிய பல இடங்களில் ஜேர்மன் வீரர்கள் மெழுகுதிரி ஏற்றிப் பாடினார்கள். எதிர்ப்பக்கத்துப் பிரித்தானியர்களும் பதிலுக்குப் பாடினார்கள். விடிந்ததும் வெளியே வந்து கைகுலுக்கினார்கள், சிகரெட் மாற்றிக்கொண்டார்கள், நடுவில் கிடந்த சடலங்களைப் புதைத்தார்கள். எல்லா இடத்திலும் இது நடக்கவில்லை. சில இடங்களில் அன்றும் ஆட்கள் செத்தார்கள்.

எந்த மொழியில பேசினவை? அந்த ஜேர்மன் வீரர்களில் சிலர் போருக்கு முன் இங்கிலாந்தில் ஹோட்டல் பரிசாரகர்களாகவும் முடிதிருத்துநர்களாகவும் வேலை செய்தவர்கள். அவர்களுக்கு ஆங்கிலம் தெரியும். "நாங்கள் சுடமாட்டோம், நீங்களும் சுடாதேங்கோ" என்பதை எதிரிக்கு விளங்கச் சொல்ல ஓராள் இருந்தது பெரிய விஷயம். படம் மூன்று படைகளையும் ஒரே இடத்தில் சேர்த்துவிடுகிறது. உண்மையில் இது கூடுதலாக நடந்தது பிரித்தானியருக்கும் ஜேர்மனியருக்கும் இடையில்தான். பிரித்தானியப் பக்கத்தில் நின்ற இந்திய கர்வால் படையினரும் அதில் கலந்துகொண்டார்கள்; அவர்களுடைய மொழி படத்தில் இல்லை. 1915 நத்தாருக்கு முன்னமே, இது திரும்ப நடக்கக்கூடாது எண்டு மேலிடம் கடுமையாக உத்தரவு போட்டது.

வீட்டில் பார்ப்பவர்களுக்கு ஒன்று சொல்கிறோம். சில சப்டைட்டில் கோப்புகள் ஒரு மொழியை மட்டும் பெயர்த்துவிட்டு, மற்றதுக்கு 'ஜேர்மனில் பேசுகிறார்' எண்டு போட்டுவிடும். சோதிக்கிறது லேசு. படத்தின் தொடக்கத்தில் மூன்று நாட்டுப் பள்ளிப் பிள்ளைகள் தங்கள் தங்கள் மொழியில் எதிரியை அழிக்கவேணும் எண்டு ஒப்புவிப்பார்கள். மூன்று பேருக்கும் வரி வந்தால் அது சரியான கோப்பு. நேரம் முந்திப் பிந்தி வந்தால் வீ.எல்.சி.யில் 'ஜி', 'எச்' விசைகளை அழுத்திச் சரிசெய்யலாம்.

அந்த முதல் காட்சியை விடாமல் பாருங்கோ. ஒரு பிள்ளைக்கு மட்டும் வரி வந்தால், அந்தப் பிள்ளைக்கு மட்டும்தான் வெறுப்புச் சொல்லிக்கொடுத்திருக்கினம் எண்டு நினைச்சிடுவோம். சிங்களப் பிள்ளை சிங்களத்திலும் தமிழ்ப் பிள்ளை தமிழிலும் வேறு வேறு வகுப்பறைகளில் இருந்து வரலாறு படிக்கிற நாட்டில் வளர்ந்தவர்கள் நாங்கள். பக்கத்து வகுப்பறையில் என்ன ஒப்புவிக்கினம் எண்டு எங்களில் எத்தனை பேருக்கு விளங்கும்?