கிளன்மார்கன் கணக்கும் கொங்கின் கோடை நீரும்

நீலகிரித் தைலமரம் ஆற்றுநீரை எவ்வளவு குறைக்கிறது என்று கேட்பவர்கள் எல்லோரும் கடைசியில் வந்து சேருமிடம் கிளன்மார்கன். உதகமண்டலத்து மத்திய மண், நீர்வள ஆராய்ச்சி மையம் அங்கே இரண்டு சிறு நீர்ப்பிடிப்புகளை 1968 முதல் அளந்துவந்தது. 1972இல் ஒன்றின் 59 விழுக்காட்டுப் பரப்பில் யூகலிப்டஸ் குளோபுலஸ் நடப்பட்டது. மற்றது இயற்கைப் புல்வெளியாகவே விடப்பட்டது. முதல் பத்தாண்டுச் சுற்றில் ஆண்டு நீர்வரத்து 16 விழுக்காடு குறைந்தது. இந்த ஒற்றை எண்ணைப் பிடித்துக்கொண்டு, இழப்பு தாங்கக்கூடியதே, வெள்ளமும் தணிகிறது என்றொரு வாசிப்பு நிலைபெற்றுவிட்டது. அளவீட்டில் எனக்குக் குறை தெரியவில்லை. அதிலிருந்து எந்த எண்ணைப் பொறுக்கி எடுத்தார்கள் என்பதில்தான் சிக்கல்.

முதலில் பரப்பு. 16 விழுக்காடு என்பது நீர்ப்பிடிப்பு முழுமைக்குமான சரிவு; மரம் நின்றதோ 59 விழுக்காட்டில். இழப்பு நட்ட பரப்புக்கு ஏற்பக் கூடும் என்று கொண்டால், மரம் நின்ற நிலத்தில் அது ஏறத்தாழ 27 விழுக்காடு. இந்த நேர்விகிதம் எல்லாச் சரிவிலும் பொருந்தும் என்று நான் அடித்துச் சொல்லவில்லை. ஆனால் மலையெங்கும் தைலமரம் நட்டாலும் 16தான் குறையும் என்று பேச இந்தத் தரவு இடம் தரவே தராது.

இதைவிட முக்கியமானது இரண்டாம் சுற்று. மரங்களை வெட்டியபின் கட்டையிலிருந்து துளிர்த்த மறுதாம்பை 1982 முதல் 1991 வரை அளந்தார்கள். ஆண்டு நீர்வரத்தில் சரிவு 25.4 விழுக்காடு, மண்ணில் ஊறிக் கசிந்து வரும் அடிநீரில் 27 விழுக்காடு. கட்டைக் கரும்பு விட்ட உழவருக்கு இதில் வியப்பிருக்காது. புதிதாக வேர்விட வேண்டிய காலம் மறுதாம்புக்கு இல்லை. முதல் துளிரிலிருந்தே அது ஆழத்து ஈரத்தை எடுக்கிறது. தோட்டமாக வைத்து வெட்டப்படும் தைலமரம் தன் ஆயுளில் பெரும்பகுதியை மறுதாம்பாகவே கழிக்கிறது. ஆகவே வழக்கமான நிலையைக் காட்டுவது இரண்டாம் சுற்று; முதல் சுற்றுத்தான் விதிவிலக்கு. மேற்கோள்களில் விதிவிலக்கே விதியாக ஏறிவிட்டது.

மூன்றாவது, குறைநீர்க் காலக் கணக்கு. 2003இல் வெளியான பகுப்பாய்வின்படி, குறைநீர்க் காலத்து ஓட்டத்தைக் காட்டும் குறியீடு முதல் சுற்றில் 2 மடங்கும் இரண்டாம் சுற்றில் 3.75 மடங்கும் சரிந்தது. ஆண்டுச் சராசரி மறைத்துவிடுவது இதைத்தான். காரணத்தை மரத்தின் பிறப்பிடத்தோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். பெரும்பாலும் டாஸ்மேனியாவிலும் விக்டோரியாவின் தென்கரையிலுமாகக் குறுகிய எல்லைக்குள் இயற்கையாக வளர்வது இம்மரம். அங்கே நீண்ட குளிர்காலமெல்லாம் மழை உண்டு. 1843இல் அது வந்து சேர்ந்த நீலகிரியிலோ தை, மாசியில் வானம் வறண்டுகிடக்கும். உறைபனியில் கருகிய புல் அப்போது நீர் குடிப்பதை ஏறக்குறைய நிறுத்திவிடும். பக்கத்திலேயே தைலமரம் இலை உதிராமல் பச்சையாக நிற்கும். புல்வேர் எட்டாத ஆழத்தில் அதன் வேர் இருக்கும். ஓடைக்கு வரவேண்டிய கசிவு வழியிலேயே தீர்ந்துவிடுகிறது.

வெள்ளத் தணிப்பை நன்மைப் பட்டியலில் சேர்ப்பதும் கொங்கிலிருந்து பார்த்தால் நிற்காது. கிளன்மார்கன் பக்கத்து நீர் பைக்காரா மின்நிலையங்களைக் கடந்து மோயாற்றில் விழுந்து பவானிசாகரை அடைகிறது. அந்த அணையை நம்பிக் கீழ்பவானி ஆயக்கட்டில் 2,07,000 ஏக்கர் இருக்கிறது. அணை நிரம்புவது பருவமழை வெள்ளத்தால். தை முதல் சித்திரை வரை புன்செய்க்கு விடுவது அந்தச் சேமிப்பைத்தான். மேலே வெள்ளமும் குறைந்து, கோடைக் கசிவும் குறைந்தால், ஈரோட்டு மாவட்டத்துக் கடலைக்காரருக்கு இதில் என்ன நன்மை? கோயம்புத்தூருக்குக் குடிநீர் தரும் பில்லூரின் நிலையும் யோசிக்க வேண்டியது. அது சிறிய அணை. மேலே குந்தா மலையில் தைலமரமும் சீகை மரமும் பரந்து கிடக்கின்றன. நீலகிரி 1868 வரை கோயம்புத்தூர் மாவட்டத்தோடு இருந்தது. நிர்வாகக் கோடு பிரிந்தாலும் நீர்வழி பிரியவில்லை.

சிறு நீர்ப்பிடிப்பின் முடிவைப் பேராற்றுக்கு நீட்டலாமா என்பார்கள். எண்ணை அப்படியே நீட்ட முடியாது. சரிவின் திசையை நீட்டலாம். மழை ஏற்றத்தாழ்வைக் காரணம் காட்டினால், அதைக் கழிக்கத்தான் பக்கத்து நீர்ப்பிடிப்பு இருந்தது. தைலமரம் இல்லாவிட்டால் சோலைக்காடு விறகாகப் போயிருக்கும் என்பது உண்மையாகவே இருக்கட்டும். அது மரத்தின் வரலாற்றுக்கான நியாயம், நீர்க்கணக்குக்கு விடையாகாது.

அயல்மரங்களை அகற்றிப் புல்வெளியை மீட்பது பற்றி இன்று பேசுகிறோம். இரண்டாம் சுற்றின் பாடம் அங்கேதான் உடனே தேவைப்படுகிறது. தைலமரத்தை வெட்டிவிட்டுக் கட்டையை மண்ணில் விட்டால் நடப்பது மீட்பு ஆகாது, அடுத்த மறுதாம்புச் சுற்றின் தொடக்கம். கட்டை துளிர்க்காதபடி செய்த பரப்பை மட்டுமே மீட்ட பரப்பாக வனத்துறை கணக்கில் எழுத வேண்டும். அதன் பலனை ஆண்டுச் சராசரியில் காட்டாமல் தை முதல் பங்குனி வரையிலான ஓடை நீரை அளந்து காட்ட வேண்டும்.